கைராசியும் வாக்குரிமையும்

வன்னியிலே ஒரு வைத்தியரைப் பற்றிப் பேச்செழுந்தால் மக்கள் முதலில் விசாரிப்பது அவர் பெற்ற பட்டத்தையன்று, அவருடைய கைராசியையே. எங்கே படித்தார், என்ன படித்தார் என்பன பின்னர் வரும் வினாக்கள். காய்ச்சலோடு தூக்கிச்சென்ற பிள்ளை மறுநாள் எழுந்து விளையாடினால் அவர் கைராசிக்காரர். அதே குளிசையை வேறொருவர் கொடுத்து, அது மூன்று நாட் கழித்துக் கேட்டால், அவருக்குக் கைராசி போதாது. இதனை அறியாமை எனத் தள்ளிவிடுதல் எளிது. ஆயின் இச்சொல்லினுள்ளே ஒரு நம்பிக்கை முறை அடங்கியுள்ளது. தன் உடம்பை, தன் பிள்ளையின் உடம்பை, இன்னொருவர் கையில் ஒப்படைக்கும் மனிதன் அவ்வொப்படைப்புக்கு இட்ட பெயரே கைராசி.

2013 செப்டெம்பர் 21 ஆம் திகதி வடமாகாண சபைக்கு முதன்முறையாகத் தேர்தல் நடந்தபோது நான் ஆரம்பப் பாடசாலையிற் படித்துக்கொண்டிருந்தேன். அம்மம்மாவின் கையைப் பிடித்துக்கொண்டு வாக்களிப்பு நிலையத்துக்கு நடந்த வழியிலே யாருக்கு வாக்களிக்கப் போகிறார் என்று கேட்டேன். “கைராசியான டொக்குத்தர் ஒராள் கேக்கிறாராம். அவருக்குப் போடாமல் வேற ஆருக்குப் போடுறது?” என்றார். அம்மம்மா கட்சியின் பெயரைச் சொல்லவில்லை, கொள்கையைச் சொல்லவில்லை. நோயாளி வைத்தியருக்கு அளிக்கும் நம்பிக்கையை அப்படியே எடுத்து வாக்குச்சீட்டில் வைத்தார். அவ்வாறு எடுத்து வைத்தல் தகுமா என்பதே இக்கட்டுரை எழுப்பும் வினா.

அத்தேர்தலில் 38 ஆசனங்களுள் 30 ஐத் தமிழ்த் தேசியக் கூட்டமைப்புப் பெற்றது. அவ்வாறு தெரிவானோருள் வைத்தியர்களும் இருந்தனர். வவுனியா மாவட்டத்திலிருந்து பத்மநாதன் சத்தியலிங்கம் தெரிவாகி மாகாணத்தின் சுகாதார, சுதேச வைத்திய அமைச்சரானார். முல்லைத்தீவிலிருந்து சிவப்பிரகாசம் சிவமோகன் தெரிவாகி, 2015 இல் வன்னித் தேர்தல் மாவட்டத்துப் பாராளுமன்ற உறுப்பினரானார். மன்னாரைச் சேர்ந்த குணசீலன் பின்னர் சத்தியலிங்கம் வகித்த அதே அமைச்சுப் பதவிக்கு வந்தார். முதலமைச்சரோ உயர் நீதிமன்ற நீதியரசராக இருந்து ஓய்வுபெற்ற விக்னேஸ்வரன். போருக்குப் பின் நான்கே ஆண்டுகள் கழிந்திருந்த ஒரு மண்ணிலே இவ்வாறு நேர்ந்தமை வியப்பன்று. அரசியல் மேடைகளில் ஏறியவர்களுட் பலர் மாண்டனர்; பலர் மீது மக்களுக்கு ஐயம். எஞ்சியிருந்த பொதுமுகங்களுள் கறைபடாதனவாக மக்கள் கருதியவை ஆசிரியரின் முகமும் வைத்தியரின் முகமுமே.

வைத்தியத்தை விட்டு ஒருவர் அரசியலுக்குச் செல்லலாமா என்பது முதற் கேள்வி. செல்லலாகாது என்போர் வலுவான ஒரு நியாயத்தை முன்வைப்பர். இந்நாட்டில் ஒரு வைத்தியர் பொதுப்பணத்தில், இலவசக் கல்வியில் உருவாகின்றார். வன்னியின் பிரதேச வைத்தியசாலைகள் பலவற்றில் நிரந்தர வைத்தியர் ஒருவரை நிறுத்திவைப்பதே பெரும்பாடு. இருப்பவரும் மேடைக்குப் போய்விட்டால் வாசலில் துண்டோடு நிற்கும் கிழவிக்கு யார் பதில் சொல்வது? இக்கேள்வியை நான் இலேசாக எடுக்கவில்லை. எனினும் அது நோயை வைத்தியசாலை வாசலில் தொடங்குவதாகக் கொள்கின்றது. நோய் அங்கே வந்து சேர்வதேயன்றித் தொடங்குவதன்று.

ஜெர்மனியிலே றூடொல்ஃப் விர்ஷோ என்னும் இளம் வைத்தியர் 1848 இல் மேல் சைலீசியாவிற் பரவிய ரைபஸ் காய்ச்சலை ஆராய அரசால் அனுப்பப்பட்டார். அவர் எழுதிய அறிக்கையில் மருந்தைவிட வறுமை, கல்வியின்மை, ஆட்சியிற் பங்கின்மை ஆகியவற்றைப் பற்றிய பேச்சே ஓங்கி நின்றது. பின்னர் அவரே சட்டசபையிலும் பாராளுமன்றத்திலும் பல்லாண்டு அமர்ந்தார். நம் நாட்டில், 1931 இல் மொறவக்கத் தொகுதியிலிருந்து அரசாங்க சபைக்குச் சென்ற வைத்தியர் எஸ். ஏ. விக்கிரமசிங்க கண்டதும் இதுவே. 1934–35 இல் மலேரியா இத்தீவிற் பல்லாயிரம் உயிர்களைக் கொண்டபோது, கொயினா மட்டுமன்றிச் சோறும் இல்லாமையாலேயே மக்கள் வீழ்ந்தனர் என்பதை அவரும் அவருடைய தோழர்களும் கிராமந்தோறுஞ் சென்று கண்டனர். இடதுசாரி இயக்கத்தின் வேர்களுள் ஒன்று அந்த மலேரியாக் காலத்திலேயே ஊன்றப்பட்டது.

மலேரியா என்றதும் வன்னியார் எவருக்கும் தம் பாட்டன் பூட்டன் கதை நினைவுக்கு வரும். குளங்கள் தூர்ந்து காடு ஊருக்குள் வந்த காலத்திலே இந்நிலத்தை மனிதர் வாழவொட்டாமல் அடித்தவற்றுள் அந்நோய் முதன்மையானது. இன்று அது இல்லை. 2012 ஒக்டோபருக்குப் பின் 2016 வரை உள்நாட்டிலே தொற்றிய மலேரியா நோயாளர் எவரும் பதிவாகவில்லை. 2016 செப்டெம்பரில் உலக சுகாதார நிறுவனம் இலங்கையை மலேரியாவற்ற நாடாக அறிவித்தது. எந்தக் கைராசிக்காரரும் இதனைச் செய்யவில்லை. இரத்தப் படலம் எடுத்த கடைநிலை ஊழியர், மருந்து தெளித்தவர், நுளம்புவலை பங்கிட்டவர், போர் நடந்த காலத்திலும் எல்லைக்கோட்டின் இருபுறமும் வேலை நடக்க விட்ட நிருவாகம் ஆகிய அனைத்தும் சேர்ந்து செய்தவை. நிருவாகமென்பது முடிவில் அரசியலே. எனவே நோயின் வேரைத் தேடும் வைத்தியர் ஒரு கட்டத்தில் அரசியலின் வாசலுக்கு வந்தே தீர்வார். அவ்வாசலைக் கடப்பது தொழில்துரோகமாகாது. வள்ளுவர் மருத்துவத்தை நோயாளி, மருத்துவன், மருந்து, உடனிருந்து உதவுவோன் என நான்காகப் பகுத்தார். மக்கள்தொகை பெருகிய இக்காலத்தில் அந்நான்காவது கூறு அரசாங்கமாக வளர்ந்துவிட்டதென்று சொல்லத் தோன்றுகின்றது. உரையாசிரியர்கள் இதற்கு உடன்படார்.

கடந்தபின் என்ன நேர்கின்றது என்பதே கடினமான பகுதி.

தமிழகத்து முத்துலெட்சுமி ரெட்டி 1926 இன் இறுதியிற் சென்னைச் சட்டசபைக்கு நியமனம் பெற்றார். அடுத்த ஆண்டில் அதன் துணைத்தலைவராகத் தெரிவுசெய்யப்பட்டார். தேவதாசி முறைக்கு எதிராக அவர் நடத்திய போராட்டம் யாவரும் அறிந்தது. அவருக்கு இருந்த பெருவாய்ப்பு யாதெனில், அவர் எதிர்த்த தீமை சட்டத்தால் தொடக்கூடிய தீமையாக இருந்தது. அவர் அமர்ந்த அவை சட்டம் இயற்றக்கூடிய அவையாக இருந்தது. அவ்வாறிருந்தும் முழுத் தடைச்சட்டம் வர 1947 வரை காத்திருக்க நேர்ந்தது. காந்தியடிகள் 1930 இற் கைதானபோது அவர் பதவியைத் துறந்தார். பின்னாளில் 1954 இல் அடையாற்றிற் புற்றுநோய் நிலையத்தை உருவாக்கினார். பதவியை விட்டபின் திரும்பிச் செல்ல அவருக்கு ஓரிடம் இருந்தது என்பதை இங்கே குறித்துவைக்க விரும்புகின்றேன்.

வடமாகாணத்துச் சுகாதார அமைச்சரின் நிலை வேறு. 1987 இல் வந்த பதின்மூன்றாந் திருத்தத்தின்படி போதனா வைத்தியசாலைகளும் விசேட நோக்கத்துக்கான வைத்தியசாலைகளும் நீங்கலான ஏனைய அரச வைத்தியசாலைகள், மகப்பேற்று இல்லங்கள், மருந்தகங்கள், தாய் சேய் நலம், பொதுச் சுகாதாரம், சுதேச வைத்திய நிலையங்கள் என்பன மாகாண சபைக்குரியன. வாசிக்கும்போது பெரிதாகத் தோன்றும் பட்டியல். ஆனால் வைத்தியர்களின் நியமனமும் இடமாற்றமும் கொழும்பிலுள்ள மத்திய அமைச்சின் கையில். நிதியும் பெரும்பாலும் அங்கிருந்தே வரவேண்டும். நிறைவேற்றதிகாரத்தின் நுனி ஆளுநர் கையில். சபை அமைந்த முதல் ஆண்டில் அவ்வாளுநர் ஓய்வுபெற்ற ஒரு இராணுவ மேஜர் ஜெனரல். முல்லைத்தீவின் உள்ளூர் வைத்தியசாலையொன்றுக்குக் கட்டடம் எழுப்ப மாகாண அமைச்சரால் முயலமுடியும். அக்கட்டடத்தினுள் அமரவேண்டிய வைத்தியரை அங்கே அனுப்பி நிறுத்த அவரால் முடியாது.

கட்டிலருகே நிற்கும் வைத்தியர் எழுதினால் அது நடக்கும். தாதி ஊசி போடுவார். மருந்தாளர் குளிசை எண்ணிக் கொடுப்பார். சபையில் எழுதுவது அவ்வாறன்று. மருந்துத் தட்டுப்பாடு வரும்போது நம் வைத்தியசாலைகளில் வெளியிலே வாங்கச் சொல்லி ஒரு துண்டு எழுதிக் கொடுப்பர் அல்லவா? வடமாகாண சபை தன் ஐந்தாண்டு வாழ்விலே நிறைவேற்றிய நூற்றுக்கணக்கான தீர்மானங்கள் பெரும்பாலும் அத்தகைய துண்டுகளே. அத்துண்டு பொய்யன்று, நோய்க்கு வேண்டியது இன்னது என்று அது உண்மையே கூறுகின்றது. ஆனால் அதனை வாங்கக் காசில்லாதவன் அதனை மடித்துச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டு வீட்டுக்குப் போகின்றான். மருந்தில்லை என்று அறிந்தும் துண்டெழுதும் வைத்தியரை நாம் குறைகூறுவதில்லை. அதிகாரமில்லை என்று அறிந்தும் வாக்குக் கேட்கும் வைத்தியரை எவ்வாறு மதிப்பிடுவது? என் கருத்திலே, அதிகாரமில்லை என்பதைத் தேர்தலுக்கு முன்னர் எவ்வளவு உரக்கச் சொன்னார் என்பதே அளவுகோல். தேர்தலுக்குப் பின்னர்ச் சொல்வது விளக்கம். முன்னர்ச் சொல்வதே நேர்மை. எல்லாக் கட்சிகளும் இவ்வளவுகோலிற் குறைந்தே நிற்கின்றன.

இனி, வைத்திய அறத்தின் நடுப்புள்ளியாகிய பக்கஞ்சாராமையை நோக்குவோம். வந்தவன் யார், எந்த இனம், எந்தச் சீருடை என்று கேளாது காயத்தை மட்டும் பார்ப்பது வைத்தியரின் முதற் கடன். அரசியலாளரோ ஒரு பக்கத்தின் குரலாக நிற்பதற்கென்றே தெரிவுசெய்யப்படுகின்றார். தமிழரசுக் கட்சியை 1949 இல் தொடங்கியவர்களுள் ஒருவரான இ. மு. வி. நாகநாதன் ஒரு வைத்தியர். நல்லூர்த் தொகுதியைப் பாராளுமன்றத்திற் பிரதிநிதித்துவம் செய்தவர். மக்கள் அவருக்கு இட்ட பெயர் இரும்பு மனிதர். நோயாளியைத் தொடும் கைக்கு மென்மை வேண்டுமென்பர். அரசியலில் அக்கைக்கு இரும்பை உவமித்தனர். ஒரே மனிதரிடத்து இவ்விரண்டும் இருக்கலாம். ஆனால் ஒன்றற்காகப் பெற்ற மதிப்பை மற்றொன்றிற்குச் செலவிடும்போது கணக்குப் பிழைக்கின்றது.

பக்கஞ்சாராமை என்பது வாய்மூடியிருத்தலா? இக்கேள்விக்கு வன்னியைவிடக் கொடிய சோதனைக்களம் அண்மைக்கால வரலாற்றில் அரிது. 2009 இன் முதல் மாதங்களிலே புதுக்குடியிருப்பிலும் மாத்தளனிலும் முள்ளிவாய்க்காலிலும் பாடசாலைக் கட்டடங்களிலும் தறப்பாளின் கீழும் அரச வைத்தியர் சிலர் பணியாற்றினர். செஞ்சிலுவைச் சர்வதேசக் குழுவின் கப்பல்கள் அக்கரையிலிருந்து நோயாளரும் உடன்சென்றோருமாக 10,000க்கு மேற்பட்டோரை ஏற்றிச் சென்றன. இறந்தோர் எத்தனை, காயமடைந்தோர் எத்தனை, இல்லாத மருந்து எது என்பவற்றை அவ்வைத்தியர்கள் தொலைபேசிவழி வெளியுலகுக்குக் கூறினர். மே மாதத்தில் அவர்கள் தடுத்துவைக்கப்பட்டனர். யூலை 8 ஆம் திகதி, தடுப்புக்காவலில் இருந்தவாறே, கொழும்பில் ஐவர் செய்தியாளர் முன் நிறுத்தப்பட்டுத் தாம் கூறிய எண்கள் மிகைப்படுத்தப்பட்டவை என்றனர். இறந்தோர் 650 முதல் 750 வரை எனப்பட்டது. 2011 இல் ஐக்கிய நாடுகள் செயலாளர் நாயகத்தின் நிபுணர் குழுவோ 40,000 வரையான பொதுமக்கள் மாண்டிருக்கலாம் என எழுதியது. அவ்வைத்தியருள் ஒருவரான வரதராஜா நாட்டைவிட்டு நீங்கியபின், அன்று கூறியவை நெருக்குதலின் கீழ்க் கூறியவை என்று வெளிப்படையாகச் சொன்னார்.

இவர்கள் அரசியலாளர் அல்லர். எவரிடமும் வாக்குக் கேட்டவர் அல்லர். செய்தது எண்ணியது ஒன்றே. ஆயினும் எண்ணுவதே அரசியலாகிவிட்டது. வைத்தியர் ஒருவர் காயத்தின் ஆழத்தை எழுதினால் அது மருத்துவக் குறிப்பு. அத்தகைய காயங்களின் தொகையை எழுதினால் அது குற்றச்சாட்டு. அவர் எழுதுகோலை மாற்றவில்லை, எழுதும் முறையை மாற்றவில்லை, கூட்டினார், அவ்வளவே. அரச சேவையிலுள்ளவர் அனுமதியின்றி ஊடகங்களுக்குப் பேசலாகாது என்னும் தாபன விதிக்கோவையும் தலைக்குமேல் தொங்குகின்றது. ஆகவே கண்டதைக் கூறவேண்டுமாயின் வெள்ளை அங்கியைக் கழற்றிவைத்துவிட்டு, வாக்குப்பெற்று, அவையொன்றினுள் நின்றே கூறவேண்டியுள்ளது என்று ஒருவர் முடிவுசெய்வாராயின், அம்முடிவை நான் மதிக்கின்றேன். போர் முடிந்த நான்கே ஆண்டுகளில் வன்னி வைத்தியர்கள் மாகாண சபைக்கு வந்தமையின் அறநியாயம், பதவியாசையைப் பற்றிய பேச்சுக்களையெல்லாம் கடந்து, இங்கேதான் இருக்கின்றதென்று நினைக்கின்றேன்.

அந்நியாயமும் எல்லையற்றதன்று. 2015 பெப்ரவரி 10 ஆம் திகதி அச்சபை தமிழர்க்கு நேர்ந்தது இனப்படுகொலை என்னும் தீர்மானத்தை ஏகமனதாக நிறைவேற்றியது. அறுதியும் கூறியது, சர்வதேச விசாரணையும் கோரியது. சபையென்ற முறையில் அது தன் மக்களின் நெஞ்சிலிருந்ததைப் பேசியது. அதன் உரிமையை நான் கேள்விக்குள்ளாக்கவில்லை. என் வீட்டிலும் இறந்தவர் உளர். ஆனால் அங்கே கையுயர்த்திய வைத்தியரின் மனத்திலே ஒரு சிறு நெருடல் எழுந்திருக்குமா என்று எண்ணிப் பார்ப்பதுண்டு. எது கொன்றது என்பதை வைத்தியர் அறிவார். எந்நோக்கத்தோடு கொன்றது என்பதை உடலைத் திறந்து காணமுடியாது. இனப்படுகொலை என்னும் சொல்லின் உயிரோ அந்நோக்கத்தில் இருக்கின்றது. வைத்தியராயின் ஆய்வை முதலிற் கோரியிருப்பார். அறுதியைப் பின்னர் எழுதியிருப்பார். உறுப்பினராக இருந்தமையால் இரண்டையும் ஒருங்கே எழுதினார். இது பிழையென்று கூற என்னால் இயலாது. ஆய்வே ஒருபோதும் நடவாதிருக்குமாயின் அறுதி கூறாத வைத்தியர் யாருக்குப் பயன்படுவார்?

இவ்விரு தொழிலறங்களும் நேருக்குநேர் மோதிய இடம் 2017 யூன் மாதம். மாகாண அமைச்சர் நால்வர்மீது எழுந்த முறைப்பாடுகளை ஆராய முதலமைச்சர் ஒரு குழுவை அமைத்தார். குழு இருவர்மீது குற்றங்கண்டது. மற்ற இருவர்மீது குற்றம் நிறுவப்படவில்லை; அவ்விருவருள் சுகாதார அமைச்சர் சத்தியலிங்கம் ஒருவர். முதலமைச்சர் முன்னவரைப் பதவி விலகுமாறும், பின்னவரைப் புதிய விசாரணை முடியும்வரை விடுமுறையில் நிற்குமாறும் கேட்டார். சபை பிளந்தது, முதலமைச்சர்மீதே நம்பிக்கையில்லாப் பிரேரணை ஆளுநரிடம் கையளிக்கப்பட்டது, மதத் தலைவர்கள் இடையிட்டபின் அது தணிந்தது. ஆகஸ்டிற் சத்தியலிங்கம் பதவியை விட்டார்.

கட்சிக் கணக்குகளை நீக்கிவிட்டு இதனை நோக்கினால் சுவையான ஒரு தர்க்கம் வெளிப்படும். முதலமைச்சர் நீதிபதியாக இருந்தவர். நீதிபதிக்கு ஐயத்தின் நிழலே போதும். வழக்கில் தனக்குச் சிறு தொடர்பு இருக்கலாமென்று எவரேனும் கருத இடமிருந்தாலும் அவர் ஆசனத்திலிருந்து எழுந்துவிடுவார். எழுவது குற்ற ஒப்புதலன்று. ஆசனத்துக்குச் செய்யும் மரியாதை. வைத்தியருடைய பழக்கம் நேர்மாறானது. நோய் உறுதிப்படாதவரை கத்தி வைக்கலாகாது. சந்தேகத்தின்பேரில் உறுப்பை அகற்றுதல் அவருக்குப் பெருந்தவறு. நிறுவப்படாத குற்றத்துக்காக ஏன் ஒதுங்கவேண்டும் என்று ஒரு வைத்தியர் கேட்டால் அவர் தம் தொழிலின் அறத்துக்கு விரோதமாக எதுவும் கேட்கவில்லை. அவ்வாறே ஒதுங்கச் சொன்ன நீதியரசரும் தம் தொழிலின் அறத்தையே பேசினார். எது பொருந்தும்? பொதுப்பதவியிலே நீதிபதியின் பழக்கமே பொருந்துமென்பது என் துணிபு. காரணம் இது: அமைச்சுப் பதவி அமைச்சரின் உடலுறுப்பன்று, அகற்றினால் அவருக்கு ஊனம் வருவதற்கு. அது இரவல் வாங்கிய ஆசனம். ஆயின் ஒதுங்கச் சொல்லும் அதிகாரம், ஒரே கட்சிக்குள் ஒருவர் மற்றவரை வீழ்த்தும் கருவியாக மாறுமிடத்து, வைத்தியரின் பிடிவாதத்திலும் ஒரு நியாயம் எஞ்சுகின்றது. அந்த யூன் மாதத்தில் இவ்விரண்டும் இருந்தன. எந்த அளவில் எது இருந்ததென்று அளக்க என்னிடம் கோல் இல்லை.

கைராசிக்கு மீள்வோம். வைத்தியரை நாம் நம்புவது, அவர் அந்த வேளையில் நம்மிடமிருந்து எதனையும் வேண்டி நிற்கவில்லை என்பதனால். நமக்கு நோய், அவரிடம் மருந்து. பிடிக்கவில்லையாயின் மறுநாள் வேறொருவரிடம் போகலாம். வேட்பாளர் வரும்போது நிலை தலைகீழாகின்றது. இப்போது வேண்டி நிற்பவர் அவர். கையில் ஒன்றை வைத்திருப்பவர் நாம். கொடுத்தபின் ஐந்தாண்டுக்கு வேறொருவரிடம் போகவும் முடியாது. நோயாளி வைத்தியரைக் குறுக்கு விசாரணை செய்வதில்லை. செய்யாமையே அங்கு மரியாதை. வாக்காளர் அதே மரியாதையை அரசியலாளராகிவிட்ட வைத்தியருக்கும் அளித்தால், கேட்கவேண்டிய கேள்விகள் தொண்டையிலேயே நின்றுவிடும். எங்கள் கிராமத்துக் கூட்டங்களில் இதனை நேரிற் கண்டிருக்கின்றேன். மற்ற உறுப்பினர்களிடம் வீதியென்றும் குளமென்றும் சத்தமிடும் ஆட்கள், டொக்டர் ஐயா வந்தால் எழுந்து நின்று தம் முழங்கால் வலியைப் பற்றிக் கேட்பார்கள். அவரும் அன்போடு விடை கூறுவார். கூட்டம் முடியும், வீதி அப்படியே கிடக்கும்.

மாகாண சபையின் ஆயுட்காலம் 2018 ஒக்டோபரில் முடிவடைந்தது. அடுத்த தேர்தல் ஆண்டுக்கணக்கில் ஒத்திவைக்கப்பட்டது. கைதடியிலுள்ள பேரவை மண்டபம் உறுப்பினரின்றி இருந்தது. மாகாணத்து வைத்தியசாலைகள் ஆளுநரின் கீழ் நடந்தன. வித்தியாசம் பெரிதாகத் தெரியவில்லை என்று பலர் சொன்னார்கள். சபைக்கு எதிராகச் சொல்லப்பட்டவற்றுள் மிகக் கொடியது இதுவென்பேன். சத்தியலிங்கம் 2024 நவம்பர் பொதுத் தேர்தலின் பின் தமிழரசுக் கட்சியின் தேசியப் பட்டியல் வழியாகப் பாராளுமன்றத்துக்குச் சென்றார். அது வாக்காளரின் நேர் ஒப்படைப்பால் வரும் ஆசனமன்று, கட்சி ஒப்படைப்பது.

2017 ஆகஸ்டில், சுகாதார அமைச்சர் விலகினார் என்ற செய்தி வானொலியில் வந்தபோது அம்மம்மா திண்ணையில் இருந்து பாக்கு வெட்டிக்கொண்டிருந்தார். மாமா கட்சிகளின் கதையை விரித்துரைத்தார்: யார் யாருக்கு எதிர், எந்தக் கடிதம் எவரிடம் போனது என்று. அம்மம்மா முழுவதையும் கேட்டார். பிறகு, “அப்ப இனி அவர் திரும்பி மருந்து குடுக்க வருவாரோ?” என்று கேட்டார். மாமா சிரித்தார். அம்மம்மா சிரிக்கவில்லை, விடைக்காகப் பாக்குவெட்டியைக் கையில் பிடித்தபடியே இருந்தார்.